ஐரோப்பாவின் பாட்டியும் மாமனாரும்: வாசகர் கேள்விகளுக்குப் பதில்

கே: டென்மார்க் மன்னர் ஒன்பதாம் கிறிஸ்டியனை 'ஐரோப்பாவின் மாமனார்' என்பது ஏன்?

பிள்ளைகள் ஆறு பேரும் போய்ச் சேர்ந்த இடங்களைப் பாருங்கள். மூத்தவர் பிரெடெரிக் (1843) அப்பாவுக்குப் பின் டென்மார்க்கை ஆண்டார். அலெக்ஸாண்ட்ரா (1844) பிரிட்டனின் ஏழாம் எட்வர்டுக்கு வாழ்க்கைப்பட்டார். வில்ஹெல்ம் (1845), ஜார்ஜ் என்ற பெயரில் கிரேக்க மன்னரானார். டாக்மார் (1847) ரஷ்யாவின் மூன்றாம் அலெக்சாண்டரின் மனைவி. தைரா (1853) ஹனோவர் இளவரசரை மணந்தார். அந்த நாட்டை 1866-லேயே பிரஷ்யா விழுங்கிவிட்டதால் அவருக்கு அரியணை இல்லை. கடைக்குட்டி வால்டெமார் (1858), பல்கேரியா தேடி வந்து கொடுத்த முடியை மறுத்தவர்.

1863-ஐ மனதில் வையுங்கள். மார்ச் 10-இல் அலெக்ஸாண்ட்ராவின் கல்யாணம். அதே மாத இறுதியில் கிரேக்க சபை வில்ஹெல்மை மன்னராகத் தேர்ந்தெடுத்தது. கிறிஸ்டியன் அரியணை ஏறியதோ நவம்பர் 15-இல்தான். மகன் முந்திக்கொண்டார்.

கே: ஒன்பதாம் கிறிஸ்டியன், ஏழாம் பிரெடெரிக்கின் மகன்தானே? டென்மார்க்கில் கிறிஸ்டியன், பிரெடெரிக் என்று மாறி மாறித்தானே வருகிறது?

இல்லை. பெயர் வரிசையை வைத்துத் தகப்பனைக் கண்டுபிடிக்கும் வேலை வேண்டாம். ஏழாம் பிரெடெரிக்குக்கு வாரிசு கிடையாது. அடுத்தவர் யார் என்று வல்லரசுகள் 1852-இல் லண்டனில் உட்கார்ந்து முடிவு செய்ய வேண்டியிருந்தது. கிறிஸ்டியன் அரச குடும்பத்தின் கிளையொன்றில் பிறந்தவர்தான் என்றாலும், அவருக்குப் பலம் சேர்த்தது மனைவி லூயிஸ். லூயிஸின் தாய் சார்லோட், எட்டாம் கிறிஸ்டியனின் தங்கை. ஆக, பிள்ளையில்லாத ஏழாம் பிரெடெரிக்குக்கு லூயிஸ் அத்தை மகள். லூயிஸின் தாயும் உடன்பிறந்தாரும் தங்கள் உரிமையை அவருக்கு விட்டுக்கொடுத்தார்கள். அவர் அதைக் கணவருக்கு விட்டுக்கொடுத்தார். மன்னர்களின் பெயர்ப் பட்டியல் ஒன்றையே வைத்துக்கொண்டு இதைக் கண்டுபிடிக்க முடியாது. பெண்வழியையும் வரைய வேண்டும்.

கே: முதல் உலகப்போரில் மோதிய மூன்று பேரரசர்களும் 'கசின்'கள் என்கிறார்கள். தமிழில் 'ஒன்றுவிட்ட சகோதரர்கள்' என்பதா, 'மைத்துனர்கள்' என்பதா?

மூவருக்கும் சேர்த்து ஒரே சொல் போட நினைத்தால் எதைப் போட்டாலும் தவறுதான். இந்தத் தவறு வராத மாதம் இல்லை. அதனால் இதற்குக் கொஞ்சம் இடம் எடுத்துக்கொள்கிறேன். அத்தை பிள்ளை, மாமன் பிள்ளை, சித்தி பிள்ளை, பெரியப்பா பிள்ளை என்று நாம் பிரித்துச் சொல்கிற எல்லாரையும் ஆங்கிலம் 'கசின்' என்ற ஒரே சாக்கில் போட்டுக் கட்டுகிறது. அந்த மூட்டையை அவிழ்க்காமல் அப்படியே தமிழுக்குத் தூக்கி வருவதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. நம் மொழி கேட்கும் முதல் கேள்வியே 'அம்மா வழியா, அப்பா வழியா?' என்பது. அதற்குப் பதில் தெரியாமல் உறவைப் பற்றி எழுத உட்காரக் கூடாது.

பிரிட்டனின் ஐந்தாம் ஜார்ஜ், ரஷ்யாவின் இரண்டாம் நிக்கோலஸ், ஜெர்மனியின் இரண்டாம் வில்ஹெல்ம் (கிரேக்க மன்னரான வில்ஹெல்ம் வேறு). இந்த மூவரையும் இரண்டிரண்டு பேராகப் பாருங்கள்.

ஐந்தாம் ஜார்ஜின் தாய் அலெக்ஸாண்ட்ரா. இரண்டாம் நிக்கோலஸின் தாய் டாக்மார். இருவரும் கூடப்பிறந்த அக்கா தங்கை. நிக்கோலஸுக்கு (1868) ஜார்ஜ் (1865) பெரியம்மா மகன். நம் முறையில் அண்ணன் தம்பி. படங்களில் இருவரும் இரட்டையர் போலத் தெரிவதில் வியப்பில்லை. இவர்களை மைத்துனர்கள் என்று எழுதினால் முறையே தலைகீழாகிவிடுகிறது.

அடுத்து ஜார்ஜும் வில்ஹெல்மும். ஜார்ஜின் அப்பா ஏழாம் எட்வர்டு. வில்ஹெல்மின் அம்மா விக்கி, 'ஐரோப்பாவின் பாட்டி' எனப்படும் பிரிட்டிஷ் அரசி விக்டோரியாவின் மூத்த மகள். விக்கியும் எட்வர்டும் அக்கா தம்பி. எனவே இந்த இருவரும் அத்தை மகன், மாமன் மகன். மைத்துனர் என்ற சொல் ரத்த உறவாகப் பொருந்துவது மூன்று ஜோடிகளில் இந்த ஒன்றுக்கே.

வில்ஹெல்மும் நிக்கோலஸும்? இரண்டும் இல்லை. வில்ஹெல்மின் தாத்தா முதலாம் வில்ஹெல்மும், நிக்கோலஸின் கொள்ளுப்பாட்டி சார்லோட்டும் அண்ணன் தங்கை. ரத்த உறவு அவ்வளவு தொலைவு. நெருக்கம் வந்தது கல்யாணத்தால். நிக்கோலஸின் மனைவி அலிக்ஸ், விக்கியின் தங்கை ஆலிஸின் மகள்; அதாவது வில்ஹெல்முக்குச் சித்தி மகள், தங்கை முறை. அந்த வகையில் நிக்கோலஸ் அவருக்குத் தங்கை வீட்டுக்காரர்.

ஆங்கிலத்தில் 'கசின் ஒன்ஸ் ரிமூவ்ட்' என்று வருவதை 'ஒருமுறை நீக்கப்பட்ட' என்று மொழிபெயர்த்து அனுப்புகிறவர்களுக்கு: யாரும் யாரையும் நீக்கவில்லை. இருவருக்கும் இடையே ஒரு தலைமுறை வித்தியாசம் என்பதே பொருள். பொது மூதாதையரிலிருந்து இரு பக்கமும் தலைமுறையை எண்ணுங்கள். மகன் 1, பேரன் 2, கொள்ளுப்பேரன் 3. இரண்டு பக்கமும் 2 வந்தால் உடன்பிறந்தாரின் பிள்ளைகள். இரண்டு பக்கமும் 3 என்றால் உடன்பிறந்தாரின் பேரப்பிள்ளைகள். ஒரு பக்கம் 3, மறுபக்கம் 4 என்றால் அந்த ஒன்று வித்தியாசம்தான் அந்த 'ரிமூவ்ட்'. வில்ஹெல்ம், நிக்கோலஸ் கணக்கு அதுதான். இதற்குப் புதுச்சொல் தேட வேண்டாம். 'இவருடைய தாத்தாவும் அவருடைய கொள்ளுப்பாட்டியும் உடன்பிறந்தவர்கள்' என்று எழுதுங்கள். ஒரு வரிதான், யாருக்கும் குழப்பம் வராது.

மூவரும் கடைசியாக ஒன்று கூடியது 1913 மே மாதம், பெர்லினில், வில்ஹெல்மின் மகள் கல்யாணத்தில். மாப்பிள்ளை, தைராவின் மகன் எர்ன்ஸ்ட் ஆகஸ்ட். ஜார்ஜ், நிக்கோலஸ் இருவருக்கும் அவர் சித்தி மகன். அன்று பெண் வீட்டுக்காரர் விக்டோரியாவின் பேரன், மாப்பிள்ளையோ கிறிஸ்டியனின் பேரன். 'கசின்' என்ற சொல்லை மட்டும் வைத்துக்கொண்டு இந்தக் கல்யாணத்தை விளக்கிப் பாருங்கள்.

கே: இவ்வளவு உறவிருந்தும் போர் எப்படி மூண்டது?

1914 ஜூலை இறுதியில் வில்ஹெல்மும் நிக்கோலஸும் 'வில்லி', 'நிக்கி' என்று கையெழுத்திட்டு ஆங்கிலத்தில் தந்தி மேல் தந்தி அனுப்பிக்கொண்டார்கள். அதற்குள் இரு நாட்டுப் படை திரட்டும் கால அட்டவணைகளும் ஓடத் தொடங்கிவிட்டன. படையும் அமைச்சர்களும் ஒப்பந்தங்களும் குடும்பத்தின் கையில் இல்லை.

கே: ஐரோப்பிய அரச குடும்பங்களில் நம்மைப் போல முறைப்பெண் கட்டும் வழக்கம் உண்டா?

முறை என்ற கருத்து அவர்களிடம் இல்லை. ஆனால் நாம் பார்த்தால் முறையாகவே அமைந்த கல்யாணங்கள் நிறைய உண்டு. நார்வேயை எடுத்துக்கொள்ளுங்கள். பின்னாளில் ஏழாம் ஹாகோன் ஆன டென்மார்க்கின் கார்ல், 1896-இல் மாட் இளவரசியை மணந்தார். கார்லின் அப்பா எட்டாம் பிரெடெரிக். மாட்டின் அம்மா அலெக்ஸாண்ட்ரா அவருடைய தங்கை. ஆக, கட்டியது அத்தை மகளை. அவர்கள் மகன் ஓலாவ் 1929-இல் மணந்த ஸ்வீடனின் மார்த்தாவோ ஹாகோனின் தங்கை இங்கேபோர்கின் மகள். மறுபடியும் அத்தை மகள். இன்றைய மன்னர் ஐந்தாம் ஹரால்டுக்குக் கிறிஸ்டியனின் ரத்தம் ஹாகோன், மாட், இங்கேபோர்க் என்று மூன்று வழியில் வருகிறது.

விக்டோரியாவே தன் தாய்மாமன் மகன் ஆல்பர்ட்டைத்தான் மணந்தார். எதிர்க் கணக்கும் உண்டு. வில்ஹெல்மின் தம்பி ஹென்றி, ஆலிஸின் மகள் ஐரீனை மணந்தார். தாய்மார் இருவரும் அக்கா தங்கை. நம் ஊரில் அண்ணன் தங்கை முறை. அங்கே யாருக்கும் அது உறுத்தவில்லை.

கே: சொந்தத்தில் கட்டியதால்தானே ஹீமோஃபீலியா (ரத்தம் சரியாக உறையாத நோய்) பரவியது?

இல்லை. ஒவ்வொரு முறையும் இதைத்தான் கேட்கிறீர்கள், ஒவ்வொரு முறையும் இதே பதில்தான். அந்தக் குறை எக்ஸ் குரோமோசோமில் உட்கார்ந்திருக்கிறது. சுமக்கும் தாயிடமிருந்து (குறை இருந்தும் நோயில்லாதவர்) ஒவ்வொரு மகனுக்கும் நோயாக வரப் பாதிக்குப் பாதி வாய்ப்பு. ஒவ்வொரு மகளுக்கும் சுமக்கும் நிலை வர அதே வாய்ப்பு. நோயுள்ள ஆணிடமிருந்து மகன்களுக்குப் போகாது, மகள்கள் அனைவருக்கும் போகும். கணவர் சொந்தமா அசலா என்பது இந்தக் கணக்கில் எங்குமே வராது.

விக்டோரியா சுமந்தார். மகன் லியோபோல்டுக்கு (1853–1884) நோயாக வந்தது. மகள்கள் ஆலிஸும் பீட்ரிஸும் சுமந்தார்கள். பீட்ரிஸின் மகள் எனா, 1906-இல் ஸ்பெயினின் பதின்மூன்றாம் அல்போன்சோவை மணந்தார். அல்போன்சோ நெருங்கிய சொந்தமே இல்லை, இருந்தும் மகன்கள் இருவருக்கு நோய். ஐரீனின் மகன்கள் இருவருக்கு வந்ததைச் சொல்லி 'பார்த்தீர்களா, சித்தி மகளைக் கட்டியதால்' என்று எழுதுகிறவர்கள் இந்த ஸ்பெயின் கணக்கைப் பார்க்கட்டும். ஐரீன் யாரைக் கட்டியிருந்தாலும் வாய்ப்பு அதேதான். ஏழாம் எட்வர்டுக்கு நோய் இல்லை. ஆகவே அவர் வழிவந்தோருக்கு அவரிடமிருந்து வர வழியில்லை. அது ஹீமோஃபீலியாவில் 'பி' வகை என்பது 2009-இல் ரோமனோவ்களின், அதாவது ரஷ்ய ஜார் குடும்பத்தின், எலும்புகளில் நடந்த மரபணுச் சோதனையில் தெரிந்தது.

கே: எலிசபெத் அரசியும் பிலிப்பும் என்ன உறவு?

விக்டோரியா வழியில் இருவரும் நான்காம் தலைமுறை; சமம். கிறிஸ்டியன் வழியில் பிலிப் 3, எலிசபெத் 4. எந்த வழி என்று சொல்லாமல் எண்ணை மட்டும் சொல்லாதீர்கள்.

கே: வம்சாவளி வரைபடத்தில் ஒரே ஆள் இரண்டு இடத்தில் வருகிறார். ஒரு இடத்தில் அடித்துவிடலாமா?

அடிக்கவே கூடாது. இரண்டு இடத்திலும் எழுதி, இரண்டிலும் மற்ற இடத்தின் எண்ணைக் குறியுங்கள். மேல்நோக்கிப் போகும் வரைபடத்துக்கு எளிய எண் முறை இருக்கிறது. தொடங்கும் ஆள் 1. யாருடைய எண்ணையும் இரட்டித்தால் அவருடைய அப்பா. இரட்டித்து ஒன்று கூட்டினால் அம்மா. தொடங்கும் ஆளைத் தவிர, இரட்டைப்படை எல்லாம் ஆண், ஒற்றைப்படை எல்லாம் பெண்.

மூன்றாம் சார்லஸை 1 என்று வையுங்கள். பிலிப் 2, எலிசபெத் 3. பிலிப்பின் அப்பா ஆண்ட்ரூ 4, அவருடைய அப்பா கிரேக்க ஜார்ஜ் 8, அவருடைய அப்பா கிறிஸ்டியன் 16. இன்னொரு பக்கம்: ஆறாம் ஜார்ஜ் 6, ஐந்தாம் ஜார்ஜ் 12, அவருடைய அம்மா அலெக்ஸாண்ட்ரா 25, அவருடைய அப்பா கிறிஸ்டியன் 50. ஒரே மனிதர், 16-உம் 50-உம். விக்டோரியாவுக்கு 47, 49 என்று வர வேண்டும். வராவிட்டால் பிலிப்பின் தாய்வழியில் எங்கோ ஓர் ஆளை விட்டிருக்கிறீர்கள். 5, 11, 23 என்று ஒவ்வொன்றாகச் சரிபாருங்கள். பெரும்பாலோர் தவறுவது 11-இல். அவர் பெயரும் விக்டோரியா என்பதால் பாட்டியோடு சேர்த்து ஒருவராக்கிவிடுகிறார்கள்.

திரும்பவும் சொல்கிறேன்: ஆண்டு இல்லாமல் பெயர் எழுதாதீர்கள். அலெக்ஸாண்ட்ரா பியோதரோவ்னா என்ற பெயரில் ரஷ்யப் பேரரசிகள் இருவர், மரியா பியோதரோவ்னா என்ற பெயரில் இருவர். ரஷ்யாவுக்கு மருமகளாகப் போகும் பெண்கள் சமயத்தோடு பெயரையும் மாற்றிக்கொண்டார்கள். 'பியோதரோவ்னா' என்பதை வைத்து அப்பா பெயர் பியோதர் என்று முடிவுகட்ட வேண்டாம். டாக்மாரின் அப்பா கிறிஸ்டியன்தான்.

கே: நிக்கோலஸ் பிறந்தது மே 6-ஆ, 18-ஆ?

இரண்டும் சரி. ரஷ்யா அன்று பழைய ஜூலியன் நாட்காட்டியில் இருந்தது. 6 அதன்படி, 18 இன்றைய நாட்காட்டிப்படி. 19-ஆம் நூற்றாண்டு என்றால் 12 நாள் கூட்டுங்கள், 1900 மார்ச்சுக்குப் பின் 13.

கே: விக்டோரியாவுக்குப் பேரப்பிள்ளைகள் 40-ஆ, 42-ஆ?

இறந்தே பிறந்த இருவரைச் சேர்த்தால் 42. எதை எண்ணினீர்கள் என்பதைக் குறிப்பிட்டால் போதும்.

கே: இன்றைய மன்னர்களில் யார் யார் இவர்கள் வழி?

கிறிஸ்டியன் வழி ஆறு: பிரிட்டன், டென்மார்க், நார்வே, ஸ்பெயின், பெல்ஜியம், லக்சம்பர்க். விக்டோரியா வழி ஐந்து: பிரிட்டன், டென்மார்க், நார்வே, ஸ்பெயின், ஸ்வீடன். ஸ்வீடன் மன்னருக்குக் கிறிஸ்டியன் வழி கிடையாது. விக்டோரியா வழி அப்பா பக்கமும் உண்டு, அம்மா பக்கமும் உண்டு. நெதர்லாந்து இரண்டிலும் சேராது. 'எல்லா மன்னர்களும் விக்டோரியாவின் வாரிசுகள்' என்று எழுதி அனுப்பிய வாசகர் நெதர்லாந்தையும் பெல்ஜியத்தையும் ஒருமுறை பார்த்திருக்கலாம்.

கே: சார்லஸின் குடும்பம் வின்ட்சரா, மவுண்ட்பேட்டனா?

வின்ட்சர் என்பது 1917-இல் அறிவித்த அரச குடும்பப் பெயர். மவுண்ட்பேட்டன், பிலிப் தன் அம்மா பக்கத்திலிருந்து எடுத்துக்கொண்டது. தகப்பன் வழியை மட்டும் பிடித்துக்கொண்டு போனால் பிலிப், ஆண்ட்ரூ, கிரேக்க ஜார்ஜ், கிறிஸ்டியன் என்று டென்மார்க்கின் குளுக்ஸ்பர்க் குடும்பத்தில்தான் போய் நிற்கும். வீட்டுப்பெயர் வேறு, வழி வேறு.

கே: ஜார் குடும்பத்தின் எலும்புகளை அடையாளம் காண பிலிப்பின் ரத்தம் எதற்கு? அவர் கிரேக்க இளவரசர்தானே?

அப்பா வழியில் கிரேக்கம். இங்கே தேவைப்பட்டது அம்மா வழி. மைட்டோகாண்ட்ரியா மரபணு தாயிடமிருந்து மட்டுமே பிள்ளைக்கு வரும். பிலிப்பின் அம்மாவின் அம்மா (நீங்கள் தவறவிடும் அந்த 11-தான்), அலிக்ஸின் கூடப்பிறந்த அக்கா. ஆகவே அலிக்ஸிடமும் அவர் பிள்ளைகளிடமும் இருந்த அதே மரபணு பிலிப்பிடமும் இருக்க வேண்டும். யெகாதெரின்பர்க் அருகே 1991-இல் தோண்டி எடுத்த எலும்புகளோடு அது பொருந்தியது. பிலிப்பின் பிள்ளைகளின் ரத்தம் இதற்கு உதவியிருக்காது, அவர்களுக்கு அது எலிசபெத்தின் தாய்வழியில் வருகிறது. நிக்கோலஸின் எலும்புக்கும் பிலிப் பயன்பட மாட்டார். அதற்கு டாக்மாரின் தாய்வழியில் ஆள் தேட வேண்டியிருந்தது. கடைசியில் 1994-இல் நிக்கோலஸின் தம்பி கியோர்கியின் கல்லறையைத் திறந்து ஒப்பிட்டுத்தான் ஐயத்தைத் தீர்த்தார்கள்.