ராட் செர்லிங்: கேள்வி பதில்

இந்த முறை அமெரிக்கத் தொலைக்காட்சி, திரைப்பட எழுத்தாளர் ராட் செர்லிங் (1924–1975). பல வருடங்களாக அவர் எழுதியவற்றைத் தேடித் தேடிப் படித்தும் பார்த்தும் வருகிறேன். அந்த உரிமையில் பதில் சொல்கிறேன். ஒரே ஒரு வேண்டுகோள்: எதையும் 'இது செர்லிங் எழுதியது' என்று சொல்வதற்கு முன் அதன் டைட்டில் கார்டை, அதாவது யார் எழுதியது என்று திரையில் வரும் பெயர்களைப் பாருங்கள்.

திருச்சி வாசகர்: சார், எனக்கு அவருடைய 'ட்வைலைட் ஸோன்' தொலைக்காட்சித் தொடர் மட்டும்தான் தெரியும், ஒவ்வொரு எபிசோடும் ஒரு தனி மாயக்கதையாக வருமே. அதற்கு முன்னால் அவர் யார்?

நல்ல தொடக்கம். நியூயார்க் மாநிலத்தில் பிங்ஹாம்டன் என்ற ஊரில் வளர்ந்தவர். பள்ளி முடித்த கையோடு பாராசூட் படையில் சேர்ந்து பிலிப்பைன்ஸில் சண்டையிட்டார். திரும்பி வந்து ஒஹாயோவில் ஆன்டியாக் கல்லூரியில் படித்தார், சின்சினாட்டியில் வானொலிக்கு எழுதினார். அப்புறம் தொலைக்காட்சி நாடகங்கள்.

1955 ஜனவரி 12 அன்று ஒளிபரப்பான 'பேட்டர்ன்ஸ்' அவருடைய 72ஆவது தொலைக்காட்சி ஸ்கிரிப்ட். ஒரே இரவில் புகழ் வந்தது என்பவர்கள் அந்த 71ஐ மறந்துவிடுகிறார்கள். ஒரு பெரிய கம்பெனியில் வயதான அதிகாரி தானாகவே வேலையை விட்டுப் போக வேண்டும் என்று முதலாளி அவரைக் கூட்டத்துக்குக் கூட்டம் அவமானப்படுத்துகிறார். அவருடைய நாற்காலிக்காகவே கூட்டிவரப்பட்ட இளைஞன் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருக்கிறான். இவ்வளவுதான் கதை. மக்கள் மறுபடி கேட்டார்கள். வீடியோ டேப் புழக்கத்துக்கு வராத காலம் அது. ஆகவே பிப்ரவரி 9 அன்று நடிகர்கள் மறுபடி கூடி, முழு நாடகத்தையும் நேரலையில் திரும்ப நடித்தார்கள்.

அடுத்த வருடம் அக்டோபர் 11இல் 'ரெக்வியம் ஃபார் எ ஹெவிவெயிட்'. இனிமேல் குத்துச்சண்டை கூடாது என்று மருத்துவர் சொல்லிவிட்ட வீரனாக ஜாக் பேலன்ஸ். அவனுடைய பயிற்சியாளர் வேடத்தில் எட் வின். காலம் முழுக்க மக்களைச் சிரிக்க வைத்தே பேர் வாங்கியவர். ஒத்திகையில் வசனத்தை மறந்துகொண்டே இருந்தார். இன்னொரு நடிகரை அந்த வேடத்துக்குத் தயாராக வைத்திருந்தார்கள். மேனேஜராக நடித்தது அவருடைய சொந்த மகன் கீனன் வின். தகப்பன் தடுமாறுவதை மகன் பக்கத்திலிருந்து பார்க்கும் நிலைமை. நேரலை தொடங்கியது, பெரியவர் அசத்திவிட்டார். 1962இல் இது ஆண்டனி குவின் நடித்த படமானது. தொடக்கத்தில் அவரோடு மோதுபவர் அப்போது கேஷியஸ் க்ளே என்ற பெயரில் இருந்த முகமது அலி.

சேலம் வாசகர்: நன்றாகப் போய்க்கொண்டிருந்தவர் ஏன் பேய், வேற்றுக்கிரகம் என்று போனார்?

பேய்க்கதை மீது ஆசைப்பட்டு மட்டும் போகவில்லை. 1955 ஆகஸ்டில் மிசிசிப்பியில் எம்மெட் டில் என்ற 14 வயதுக் கறுப்பினச் சிறுவனைக் கொன்றார்கள். குற்றம் சாட்டப்பட்ட இருவரையும் வெள்ளையர் மட்டுமே இருந்த ஜூரி விடுதலை செய்தது. அதை மனத்தில் வைத்து செர்லிங் 'நூன் ஆன் டூம்ஸ்டே' எழுதினார். எச்சரிக்கையாக, கொல்லப்படுபவரை வயதான யூத அடகுக்கடைக்காரராக மாற்றித்தான் எழுதினார். அப்படியும் விடவில்லை. இது டில் கதைதான் என்று செய்தி வெளியானதும் தெற்கு மாநிலங்களின் வெள்ளையர் அமைப்புகள் கடிதமாக எழுதிக் குவித்தன. நாடகத்துக்கு விளம்பரம் கொடுத்த இரும்பு எஃகு நிறுவனம் பயந்துபோனது. கதை வடக்கே நியூ இங்கிலாந்துக்கு இடம் மாறியது. இறந்தவர் எந்த ஊர் என்றே தெரியாத ஓர் அந்நியர் ஆனார். செட்டில் இருந்த கோகோ கோலா பாட்டிலைக்கூட எடுத்தார்கள், அது தெற்கை நினைவூட்டுமாம்! 1958இல் 'எ டவுன் ஹேஸ் டர்ன்ட் டு டஸ்ட்' என்று அதே கருவை மறுபடி எழுதினார். அதுவும் 1870களுக்குத் தள்ளிப்போனது, கொல்லப்பட்டவன் மெக்சிகோக்காரன் ஆனான்.

இரண்டு முறை அடிபட்ட மனிதர் 1959 அக்டோபரில் 'ட்வைலைட் ஸோன்' தொடங்குகிறார். செனட்டர் வாயில் வைக்க முடியாத வசனத்தைச் செவ்வாய்க்கிரகவாசி வாயில் வைக்கலாம் என்பது அவர் கண்டுகொண்ட வழி. மேப்பிள் தெருவில் விளக்கு அணைந்ததும் அக்கம்பக்கத்தார் ஒருவரை ஒருவர் சந்தேகிக்கும் எபிசோடைப் பாருங்கள். எம்மெட் டில்லைக் கொன்ற வெறுப்பு அங்கே இருக்கிறது. விளம்பரதாரர் யாரும் கை வைக்கவில்லை.

மதுரை வாசகர்: விளம்பரதாரர் தொல்லை அவருக்கு மட்டும்தானா?

எல்லோருக்கும்தான். 1959இல் 'ஜட்ஜ்மென்ட் அட் நியூரம்பெர்க்' நாடகத்துக்குச் சமையல் கேஸ் நிறுவனங்களின் சங்கம் விளம்பரம் கொடுத்தது. யூதர்களைக் கொன்ற 'கேஸ் சேம்பர்' பற்றிய சொல் வந்த இடத்தில் ஒலியை அணைத்துவிட்டார்கள். எழுதியவர் ஏபி மேன், செர்லிங் அல்ல.

ஈரோடு வாசகர்: 'ட்வைலைட் ஸோன்' எபிசோட் ஒன்றில் விமான இறக்கையில் ஒரு பூதம் உட்கார்ந்திருக்குமே, அதை எப்படி யோசித்தார்?

யோசித்தவர் ரிச்சர்ட் மேத்திசன்.

நெல்லை வாசகர்: '12 ஆங்ரி மென்' அவருடைய சிறந்த படைப்பு என்பேன். உங்கள் கருத்து?

அது ரெஜினால்ட் ரோஸ் எழுதியது. 1954இல் தொலைக்காட்சி நாடகம், 1957இல் படம்.

சென்னை வாசகர்: இன்னொரு 'ட்வைலைட் ஸோன்' எபிசோடில் உலகம் அழிந்தபின் ஒருவர் புத்தகக் குவியல் நடுவே உட்கார, கண்ணாடி உடைந்துவிடும். அதுவாவது அவருடைய கற்பனையா?

திரைக்கதை அவருடையது. கதை லின் வெனபிள் எழுதியது. டைட்டில் கார்டில் இருக்கிறது. இதே மாதிரி இன்னும் ஆறு கேள்விகள் வந்திருக்கின்றன, எல்லாவற்றுக்கும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன்: 'ட்வைலைட் ஸோன்' மொத்தம் 156 எபிசோட், அதில் 92 செர்லிங் எழுதியவை. அந்த 92இலும் சில பிறர் கதைகளிலிருந்து வந்தவை. தயவுசெய்து பார்த்துவிட்டுக் கேளுங்கள்.

கோவை வாசகர்: குரங்குகள் ஆளும் கிரகத்தில் மனிதன் மாட்டிக்கொள்ளும் படம் 'பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்' (1968). முடிவில் கடற்கரையில் புதைந்து கிடக்கும் சுதந்திர தேவி சிலையைப் பார்த்ததும் அது பூமிதான் என்று தெரிகிறது. அந்த முடிவு செர்லிங் மூளைதானே?

பெரும்பாலும் ஆம் என்றே நினைக்கிறேன். பியேர் பூல் எழுதிய பிரெஞ்சு நாவலில் அந்த முடிவு கிடையாது. செர்லிங்கின் ஆரம்ப வரைவுகளிலேயே சிலை இருக்கிறது. ஆனால் தயாரிப்பாளர் ஆர்தர் ஜேக்கப்ஸும் அந்த யோசனைக்கு உரிமை கொண்டாடினார்.

கோவை வாசகர் மறுபடி: 'ட்வைலைட் ஸோன்' எபிசோட் 'ஐ ஷாட் அன் ஆரோ இன்டு தி ஏர்' 1960இல் வந்ததே! வேற்றுக்கிரகம் என்று நம்பித் தண்ணீருக்காகக் கூட்டாளிகளைக் கொன்றவன், மேடேறிப் பார்த்தால் தந்திக் கம்பமும் அமெரிக்காவின் ரினோ நகரத்துக்கு வழிகாட்டும் பலகையும். இதுவே சாட்சி இல்லையா?

எனக்கும் ரொம்ப நாள் இதுதான் சாட்சியாக இருந்தது. அந்த எபிசோடின் டைட்டில் கார்டைப் பார்த்தேன். மூலக்கதை மேடலன் சாம்பியன் என்ற பெண்மணியுடையது. செர்லிங் அவரிடம் அந்தக் கருவை விலைக்கு வாங்கினார். 'இது பூமிதான்' என்ற திருப்பத்தின் வேரைத் தேடிப் போனால் அங்கேயும் இன்னொருவர் நிற்கிறார்.

யாழ்ப்பாண வாசகர்: அப்ப மைக்கேல் வில்சன்? 'பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்' டைட்டிலில் திரைக்கதை என்று அவர் பெயர்தானே முதலில் வருகிறது?

நீங்கள் கேட்டதற்காகவே இந்தப் பகுதியை நீட்டுகிறேன். செர்லிங்கின் வரைவில் குரங்குகள் கார் ஓட்டும் நவீன நகரத்தில் வாழ்ந்தன. அதைப் படமாக்கச் செலவு தாங்காது என்று வில்சனை அழைத்தார்கள். நாம் பார்க்கும் படத்தின் வசனத்தில் பெரும்பகுதி அவருடையது. மனிதனைக் கூண்டில் நிறுத்தி, கேட்பதற்குப் பதில் சொல்ல விடாமல் விசாரிக்கும் காட்சியைப் பாருங்கள். 1951இல் கம்யூனிஸ்ட்டுகளைத் தேடிய அமெரிக்க நாடாளுமன்றக் குழு வில்சனை அப்படித்தான் விசாரித்தது. ஒத்துழைக்க மறுத்ததால் ஸ்டுடியோக்கள் வேலை கொடுக்காத கறுப்புப் பட்டியல், பிரான்ஸ் வாழ்க்கை, பெயர் போடாமல் வேலை. உங்கள் நாட்டில் கித்துள்கலையில் எடுத்தார்களே 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் க்வாய்', அதன் திரைக்கதையை எழுதியவர்கள் அவரும் கார்ல் ஃபோர்மனும். இருவரும் பட்டியலில் இருந்ததால் நாவலாசிரியர் பெயரைப் போட்டு அவருக்கே ஆஸ்கர் கொடுத்தார்கள். அந்த நாவலாசிரியரும் இதே பியேர் பூல்தான்.

கிள்ளான் வாசகர்: பூல் எங்கள் மலாயாவில் ரப்பர் தோட்டத்தில் வேலை பார்த்தவர். அவரைத் திருடன் என்கிறீர்களா?

இல்லவே இல்லை. அவர் கேட்டு வாங்கவில்லை. எழுதியவர் பெயரை மறைத்தது ஸ்டுடியோக்களின் பயம். 1984இல்தான் ஆஸ்கர் கொடுக்கும் அகாடமி அதைத் திருத்தியது. வில்சன் 1978இலேயே இறந்துவிட்டார், ஃபோர்மன் அந்த 1984இல். டைட்டில் கார்டைப் பாருங்கள் என்று திரும்பத் திரும்பச் சொல்கிறேன். சில நேரம் அந்தக் கார்டே பொய் சொல்லும், அப்போது வரைவுகளைத் தேட வேண்டும்.

தஞ்சை வாசகர்: மொத்தம் எத்தனை எபிசோட் எழுதினார்?

மேலே இருக்கிறது.

புதுச்சேரி வாசகர்: அவரைப் போல எழுதப் பழக எங்கே தொடங்குவது?

'பேட்டர்ன்ஸ்' உட்பட நான்கு நாடகங்களை அவருடைய குறிப்புகளோடு 1957இல் புத்தகமாகப் போட்டார். அதை முதலில் படியுங்கள். அப்புறம் 'வாக்கிங் டிஸ்டன்ஸ்' எபிசோட். வேலையில் களைத்துப்போன ஒருவன் நடந்தே தன் சிறுவயது ஊருக்குள் போய்விடுகிறான். அங்கே ஒரு குடைராட்டினம். பிங்ஹாம்டன் பூங்காவில் செர்லிங் சிறுவனாகச் சுற்றிய ராட்டினம் இன்னும் இருக்கிறது. அந்த எபிசோடின் டைட்டில் கார்டில் அவர் பெயர் மட்டும்தான்.