மேற்கே பார்க்கச் சொன்ன கேமரா

மதிப்பிற்குரிய ஐயா,

நாங்கள் கல்லூரி நண்பர்கள் ஐந்து பேர் பருவநிலை மாற்றத்தைப் பற்றி, எங்கள் வயதுக்காரர்களின் பார்வையில் ஒரு ஆவணப்படம் எடுத்திருக்கிறோம். ஒரத்துப்பாளையம் அணை, பொள்ளாச்சிப் பக்கம் மொட்டையாக நிற்கும் தென்னைகள், வெடித்த குளம், பதாகை பிடித்த மாணவர்கள், ஒரு பேராசிரியரின் பேட்டி எல்லாம் உண்டு. 2024 ஏப்ரலில் எங்கள் ஊரில் எடுக்க நினைத்ததை மட்டும் எடுக்க முடியவில்லை. வெயிலில் கேமரா சூடாகி அணைந்துகொண்டே இருந்தது. இரவில் எங்கள் சிமெண்ட் ஷீட் வீட்டில் யாரும் தூங்கவில்லை. மாடுகள் பாலைக் குறைத்துவிட்டன என்று அக்கா வேறு புலம்பிக்கொண்டிருந்தாள். அந்தக் குறையை மன்னிக்கவும். பார்த்தவர்கள் முடிவில் நம்பிக்கை இல்லை என்கிறார்கள். மரம் நடும் காட்சி ஒன்றைச் சேர்க்கலாமா?

ச., காங்கேயம் அருகே

அன்புள்ள ச.,

படம் பார்த்தேன். மரம் நட வேண்டாம். அதற்கு முன்னால் சிலவற்றைப் பிடுங்க வேண்டியிருக்கிறது.

ஒரத்துப்பாளையத்தை எடுத்துவிடுங்கள். நொய்யலின் குறுக்கே பாசனத்துக்காக 1992இல் கட்டிய அணை, தேங்கியது சாயக்கழிவு. வழக்கு நடந்து, 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் திருப்பூர்ச் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது. அந்த நுரைக்கும் வானத்துக்கும் சம்பந்தமில்லை. அதன் மேல் வயலினை இழையவிட்டு, பூமி சூடாகிறது என்று பின்னணிக் குரலில் சொன்னால், சாயத்தை ஆற்றில் விட்டவர்கள்தான் உங்களுக்கு நன்றி சொல்வார்கள்.

தென்னை இன்னும் சிக்கல். 2016இல் வடகிழக்குப் பருவமழை தமிழகத்தில் 62 சதவீதம் குறைந்தது. அதே ஆண்டில்தான் சுருள் வெள்ளை ஈ பொள்ளாச்சித் தோப்புகளில் தென்பட்டது. வாடல் நோய் தனி. ஆயிரம் அடிக்கு இறங்கிய போர்வெல்களின் கணக்கு தனி. எந்த மரம் எதனால் போனது என்று தோப்புக்காரரிடம் கேட்டீர்களா? படத்தில் அவர் மரத்தைத் தடவிக்கொண்டு சும்மா நிற்கிறார்.

கேமராவுக்குத் தெரிவது அன்றைய வானிலை மட்டும். பருவநிலை என்று சொல்ல முப்பது ஆண்டுச் சராசரியாவது வேண்டும். அதை ஒரு ஷாட்டில் அடக்க முடியாது என்பதால்தான் எல்லோரும் வெடித்த குளத்துக்கு ஓடுகிறோம். மழைமறைவுப் பிரதேசத்தில் கோடைக்குக் குளம் வெடிப்பது நம் பாட்டன் காலத்திலும் உண்டு.

நானும் ஓடியவன்தான். தாராபுரம் பக்கம் ஒரு பெரியவரை வரப்பில் நிறுத்தி, நெற்றியில் கை வைத்து வானத்தைப் பார்க்கச் சொன்னேன். ஐப்பசி மாதம். மாலை வெளிச்சம் முகத்தில் விழ வேண்டும் என்று மேற்கே பார்க்க நிறுத்தியிருந்தேன். சொன்னபடி பார்த்துவிட்டு அவர் என் பக்கம் திரும்பினார். "ஏனுங்க தம்பி, ஐப்பசி மழை அந்தப் பக்கமிருந்தா வரும்?" அந்த வரியை வெட்டிவிட்டேன். எடுத்ததிலேயே உருப்படியானது அது ஒன்றுதான்.

நீங்களும் அதைத்தான் செய்திருக்கிறீர்கள். கேமரா அணைந்தது, தூக்கம் வரவில்லை, பால் குறைந்தது என்று மன்னிப்புக் கேட்டு எழுதிய மூன்று வரிகள்தான் உங்கள் படம். ஈரோட்டில் வெயில் 42 டிகிரியைத் தாண்டிய கோடை அது. அந்த வெயிலுக்குள் இருந்தவர்கள் நீங்கள், பேராசிரியர் அல்ல.

அக்கா சொசைட்டிக்குப் பால் ஊற்றுகிறவர் என்றால் வீட்டில் அட்டை இருக்கும். காலை இவ்வளவு, மாலை இவ்வளவு என்று லிட்டர் கணக்கு. கலப்பின மாடு வெயில் ஏறினால் தீவனத்தை ஒதுக்கும், நின்ற இடத்தில் மூச்சிரைக்கும், பால் இறங்கும். (காங்கேயம் மாடு கொரங்காடு என்கிற மேய்ச்சல் நிலத்தில் வெள்வேல மர நிழலில் நிதானமாக அசை போட்டுக்கொண்டிருக்கும். ஆனால் அதைக் கறந்து ஊற்றிக் குடும்பம் நடத்த முடியாது. அதை ஏற்றிப் பேசுகிறவர்கள் இந்தக் கணக்கைச் சொல்வதில்லை.) பழைய அட்டைகள் பரணில் கிடக்கிறதா பாருங்கள். நாலைந்து கோடைகளை வரிசையாக வைத்து, கேமராவுக்கு முன்னால் அக்காவையே படிக்கச் சொல்லுங்கள். நடுவில் மாடு மாறியிருக்கும், தீவன விலை ஏறியிருக்கும். அதையும் அவரே சொல்லட்டும், வெட்டாதீர்கள்.

பதாகை பிடித்த பிள்ளைகள் 2050ஐப் பற்றிப் பேசுகிறார்கள். உங்கள் அக்காவுக்கு என்ன வயது என்று நீங்கள் எழுதவில்லை. முப்பதுக்குள் இருக்குமானால், இன்னொரு மாடு வாங்குவதா, இருப்பதையும் விற்றுவிட்டுப் பனியன் கம்பெனி பஸ்ஸில் ஏறுவதா என்பது அவருக்கு இந்தச் சித்திரைக் கேள்வியாக இருக்கலாம். கேட்டுப் பாருங்கள். பதில் வராவிட்டால் அந்த மௌனத்தையும் வைத்துக்கொள்ளுங்கள்.

கட்டுத்தரையில் விடியற்காலை நாலு மணிக்குக் கேமராவை வையுங்கள், சூடாகி அணையாது. பாத்திரத்தில் பால் விழும் சத்தத்துக்குத் தனியாக மைக் வேண்டும். என்னிடம் ஒன்று சும்மா கிடக்கிறது, வந்து எடுத்துக்கொண்டு போங்கள்.