குதிரைக்கொம்பு

கேள்வி: அமெரிக்க அதிபர் தேர்தல் வந்தால் யார் முந்துகிறார், யார் பிந்துகிறார் என்றே எழுதுகிறார்கள். கொள்கையை அலசும் செய்தி மட்டும் குதிரைக்கொம்பாக இருக்கிறதே, ஏன்?
— வாசகர், கும்பகோணம்

பதில்: தெரிந்து எழுதினீர்களோ தெரியாமலோ, குதிரையைச் சரியான இடத்தில்தான் கட்டியிருக்கிறீர்கள். இந்த வகைச் செய்திக்கு அமெரிக்க நிருபர்களே வைத்திருக்கும் பெயர் 'குதிரைப் பந்தயம்'. துணை அதிபர் வேட்பாளரை 'ரன்னிங் மேட்' என்கிறார்களே, அதுவும் லாயத்திலிருந்து வந்த சொல்தான். ஒரே முதலாளியின் இரண்டு குதிரைகளில், பெரியதற்கு வேகம் பிடித்துக் கொடுக்கக் கூடவே ஓடவிடும் குதிரை. யாரும் எதிர்பாராமல் வருபவர் 'கறுப்புக் குதிரை'. 1844-இல் ஜேம்ஸ் போல்க் அப்படி வந்துதான் அதிபரானார். இத்தனை குதிரை இருந்தும் கொள்ளு என்னவோ வாசகருக்குத்தான்.

அமெரிக்க டி.வி. செய்திகளில் வேட்பாளரைத் தொடர்ந்து பேசவிட்ட நேரம் 1968-இல் சராசரியாக 43 வினாடி. 1988-இல் 9. எங்கள் உதவி ஆசிரியர் தும்மி முடிக்கவே அதற்கு மேல் ஆகும். (தலைப்புக்குத் தலைப்பு ஆச்சரியக்குறி போடுகிறாரே, அவரேதான். 'கடும் போட்டி!'யிலிருந்து நான் அதை எடுப்பதும், அச்சுக்குப் போகும்போது அவர் திரும்பச் சொருகுவதும் 11 வருஷமாக நடக்கிறது. இதில் யார் முந்துகிறார் என்று கேட்டுவிடாதீர்கள்.)

சரி, ஏன் என்று கேட்டீர்கள். கணிப்பில் எண் மாறினால் அன்றைக்குச் செய்தி தயார். கொள்கை நேற்று இருந்த மாதிரியே இன்றும் இருக்கும். அவ்வளவுதான்.

எனக்குத் தூக்கம் கெடுக்கும் கதை வேறு. 1936-இல் 'லிட்டரரி டைஜஸ்ட்' என்ற அமெரிக்க வார இதழ், அதிபர் தேர்தலில் யாருக்கு ஓட்டு என்று கேட்டு ஒரு கோடிப் பேருக்குக் கார்டு அனுப்பியது. 20 லட்சத்துக்கு மேல் திரும்பி வந்தன. எண்ணிப் பார்த்து, அதிபர் ரூஸ்வெல்ட்டை எதிர்த்து நின்ற லாண்டன்தான் ஜெயிப்பார் என்றது. ரூஸ்வெல்ட் 48 மாநிலங்களில் 46-ஐ அள்ளிக்கொண்டு போனார். முகவரிகளை டெலிபோன் டைரக்டரியிலிருந்தும் கார் பதிவுப் பட்டியலிலிருந்தும் எடுத்திருந்தார்கள். ஊரே வேலையில்லாமல் நின்ற காலத்தில் போனும் காரும் யாரிடம் இருந்திருக்கும்? இத்தனைக்கும் முந்தைய தேர்தல்களில் சரியாகச் சொன்ன பத்திரிகை. இரண்டே வருஷத்தில் மூடிவிட்டார்கள்.

அதைப் படித்த பயத்தில், இந்த வாரம் நமக்கு வந்த கார்டுகளை மேஜையில் கொட்டி எண்ணினேன். அமெரிக்கா பற்றி உங்களுடையது ஒன்று. குறுக்கெழுத்தில் 7-ஆம் கட்டம் தப்பு என்று 31.