கொரிய மொழி அறிஞர்களில் யாரைத் தெரிந்துகொள்ள வேண்டும்? ஹல்பர்ட் சொன்ன தமிழ் உறவு உண்மையா?

கேட்டவர் இரண்டு கேள்விகளை ஒன்றாகக் கேட்டிருக்கிறார். கொரிய மொழியையும் பண்பாட்டையும் ஆராய்ந்தவர்களில் முக்கியமானவர்கள் யார் என்பது ஒன்று. தமிழும் கொரிய மொழியும் உறவு மொழிகள் என்ற ஹல்பர்ட்டை மற்ற ஆய்வாளர்கள் எப்படிப் பார்க்கிறார்கள் என்பது இன்னொன்று. நான் பேராசிரியர் இல்லை. ஸ்ரீபெரும்புதூர் பக்கம் கார் உதிரிபாகக் கம்பெனி ஒன்றில் கொரிய மொழிபெயர்ப்பாளராக இருக்கிறேன். இந்த ஆட்கள் எழுதி வைத்த புத்தகங்களை நம்பித்தான் பிழைப்பு ஓடுகிறது, அந்த உரிமையில் எழுதுகிறேன்.

இரண்டாவது கேள்வியை முதலில் முடித்துவிடலாம். நம் ஊரில் கொரியா என்று ஆரம்பித்தாலே பேச்சு அங்கேதான் போய் நிற்கிறது.

ஹோமர் ஹல்பர்ட் அமெரிக்கர். கொரிய அரசு நடத்திய பள்ளியில் ஆங்கிலம் சொல்லித்தர 1886-இல், 23 வயதில் சியோல் வந்தார். 1905-இல் கொரிய மொழியையும் திராவிட மொழிகளையும் ஒப்பிட்டு ஓர் இலக்கண நூல் வெளியிட்டார். ஒரு பக்கம் அவர் வருடக்கணக்கில் புழங்கிய கொரிய மொழி, மறுபக்கம் கால்டுவெல்லின் ஒப்பிலக்கணம். ஆம், நம் இடையன்குடி கால்டுவெல்தான்.

ஹல்பர்ட் காட்டிய இலக்கண ஒற்றுமைகள் நிஜமானவை. இரண்டு மொழிகளிலும் வினை கடைசியில் வரும், உருபுகள் பெயருக்குப் பின்னால் ஒட்டும், 'நேற்று வாங்கிய சட்டை' என்பதில் உள்ளது போலப் பெயரெச்சம் முன்னால் வந்து நிற்கும். அதனால்தான் தமிழ் தெரிந்தவருக்குக் கொரிய வாக்கிய அமைப்பு சட்டென்று பிடிபட்டுவிடுகிறது. ஆனால் இதே அமைப்பு ஜப்பானிய மொழியிலும் உண்டு, மங்கோலிய மொழியிலும் உண்டு, துருக்கியிலும் உண்டு. உறவு என்று நிறுவ வேண்டுமானால் இந்த ஒலி இங்கே இப்படி மாறியது என்று சொல்லுக்குச் சொல் ஒழுங்காகக் காட்ட வேண்டும். 1984-இல் மோர்கன் கிளிப்பிங்கர் என்பவர் நானூறுக்கும் மேற்பட்ட சொல் இணைகளோடு அதை முயன்று பார்த்தார். மொழியியல் உலகம் பெரும்பாலும் ஏற்கவில்லை. இன்று கொரிய மொழியை, ஜேஜு தீவின் பேச்சையும் சேர்த்து, தனிக் குடும்பமாகவே வைக்கிறார்கள்.

பக்கத்திலேயே இருக்கும் ஜப்பானிய மொழியோடு உறவு உண்டா என்பதே இன்னும் தீராத வழக்கு. அலெக்சாண்டர் வோவின் என்ற ரஷ்யாவில் பிறந்த மொழியியலாளர் அந்த உறவை ஒரு காலத்தில் ஆதரித்தவர். 2010-இல் அவரே முழு நூல் ஒன்றை எழுதி அதை மறுத்தார். நிலைமை இப்படி இருக்க, அம்மா, அப்பா இரண்டு மொழியிலும் ஒன்றுதான் என்று வாட்ஸப்பில் வரும் பட்டியலை வைத்துக்கொண்டு என்ன செய்வது? குழந்தை வாயில் முதலில் வருவது மகரமும் பகரமும்தான், எந்த நாடாக இருந்தாலும்.

என் வருத்தமெல்லாம் அந்த ஒரு புத்தகத்தால் ஹல்பர்ட் செய்த மற்ற வேலைகள் நம் கண்ணுக்குத் தெரியாமல் போவதுதான். சியோல் வந்த நான்கைந்து வருடத்துக்குள், 1890 வாக்கில், 'சாமின்பில்ஜி' என்ற உலகப் புவியியல் பாடநூலை முழுக்க கொரியர்களின் சொந்த எழுத்தான ஹங்குலில் எழுதினார். படித்தவர்கள் சீன எழுத்தில்தான் எழுதுவார்கள், ஹங்குல் பெண்களுக்கும் எளியவர்களுக்கும் உரியது என்ற நினைப்பு ஓங்கியிருந்த காலம் அது. இவ்வளவு சுலபமான எழுத்தைக் கையில் வைத்துக்கொண்டு இளக்காரமாகப் பார்க்கிறார்களே என்று முன்னுரையிலேயே குறைப்பட்டிருக்கிறார். 1896-இல் அரிராங் நாட்டுப்பாடலை மேலை இசைக்குறியில் முதன்முதலாக அச்சேற்றியதும் அவர்தான். கொரியருக்கு இந்தப் பாட்டு சோறு மாதிரி என்று அப்போது எழுதினார். 1907-இல் ஜப்பானுக்கு எதிரான முறையீட்டோடு அரசர் கோஜோங் நெதர்லாந்தின் ஹேக் நகரில் நடந்த சமாதான மாநாட்டுக்கு ஆள் அனுப்பியபோது கூடவே உழைத்தார். 1949-இல் அழைப்பின் பேரில் கப்பல் ஏறி வந்தவர், வந்து ஒரு வாரத்தில் இறந்து, சியோலின் யாங்ஹ்வாஜின் கல்லறைத் தோட்டத்தில் அடக்கமானார். என்னோடு வேலை பார்க்கும் கொரியர்களிடம் அவர் பெயரைச் சொன்னால் ஹேக், ஹங்குல் என்றுதான் பேச்சு வரும். திராவிடம் என்றால் விழிப்பார்கள்.

சரி, முதல் கேள்வி. பெரிய கொள்கை சொன்னவர்களை விட, உட்கார்ந்து பட்டியல் போட்டவர்கள்தான் எனக்கு முக்கியம். அகராதி, நூலடைவு, பெயர்ப் பதிவேடு என்று பொறுமையைச் சோதிக்கும் வேலை பார்த்தவர்கள். கொள்கை காலாவதியாகும், நல்ல பட்டியல் நூறு வருடம் கழித்தும் யாருக்கோ உதவும்.

முதல் ஆள் மொரீஸ் கூரான், பிரெஞ்சுக்காரர். 1890-இல் சியோலில் பிரெஞ்சுத் தூதரக மொழிபெயர்ப்பாளராக வேலைக்கு வந்தார். அங்கே இருந்தது இரண்டு வருடத்துக்கும் குறைவு. மேலதிகாரி விக்டர் கொலன் தெ பிளான்ஸி புத்தகப் பித்து பிடித்தவர். கொரியப் புத்தகங்களுக்கு ஒரு நூலடைவு போடேன் என்று இவரைத் தூண்டிவிட்டார். 1894 முதல் 1896 வரை மூன்று பெரிய தொகுதிகள், 1901-இல் ஒரு பின்னிணைப்பு, மொத்தம் 3,800-க்கும் மேற்பட்ட நூல்கள்.

முன்னுரையில் சியோல் புத்தகக் கடைகளை அவர் விவரிக்கும் இடம் எனக்கு மிகவும் பிடிக்கும். கடைக்குக் கடை என்ன விற்கிறார்கள், எந்தத் தெருவில் இருக்கிறார்கள் என்று சொல்லிக்கொண்டே வருபவர், கதைப் புத்தகங்களை வாடகைக்கு விடும் கடைகளைப் பற்றியும் சொல்கிறார். வாடகை அற்பம்தான், ஆனால் ஈடு வைக்க வேண்டும். கையில் காசு இல்லையென்றால் வீட்டிலிருந்து கணப்புச் சட்டியோ சமையல் பானையோ கொண்டுபோய் வைக்கலாம். இன்றைக்குச் சோறு பொங்குகிற பானையைக் கொடுத்துக் கதை வாங்கிப் படித்த சனம்! ஜோசோன் எனப்படும் பழைய கொரிய அரசின் காலத்து வாசகர்களைப் பற்றி நீளநீளமான ஆய்வுகள் வந்துவிட்டன, எனக்கு அந்தப் பானைதான் மனதில் நிற்கிறது. இத்தனை செய்த கூரானுக்குப் பிரான்ஸில் கொரிய மொழிக்கென்று ஒரு பதவி கிடைக்கவில்லை. லியோன் நகரில் சீன மொழிப் பேராசிரியராக இருந்தார்.

அந்த 1901 பின்னிணைப்பில் ஒரு குறிப்பு: 1377-இல் ஹுங்டொக் கோயிலில் உலோக அச்செழுத்தால் அச்சிட்ட பௌத்த நூல். சுருக்கமாக 'ஜிக்ஜி' என்பார்கள். குட்டன்பர்க் பைபிளுக்கு எழுபது எண்பது வருடம் முந்தியது. குறிப்பு அச்சில் இருந்தும் புத்தகம் உலகத்தின் கண்ணில் படவில்லை. 1911-இல் பாரிஸில் கொலன் தெ பிளான்ஸியின் சேகரிப்பு ஏலத்துக்கு வந்தபோது ஆன்ரி வெவர் என்ற நகை வணிகர் அதை 180 பிராங்குக்கு எடுத்தார். அவர் இறந்தபின் வாரிசுகள் பிரான்ஸ் தேசிய நூலகத்துக்குக் கொடுத்தார்கள்.

அதைக் கண்டெடுத்து உலகுக்குச் சொன்னவர் பார்க் பியோங்சன் என்ற பெண்மணி. கொரியப் போர் முடிந்த கையோடு, 1955-இல் பிரான்ஸுக்குப் படிக்கப் போனவர். 1866-இல் பிரெஞ்சுக் கடற்படை காங்க்வா தீவைத் தாக்கி அரச நூலகத்தைக் கொளுத்தி, கொஞ்சம் புத்தகங்களை அள்ளிக்கொண்டு போயிருந்தது. அவை எங்கே என்று தேடிப் பார் என்று அவருடைய ஆசிரியர் சொல்லி அனுப்பியிருந்தார். 1967-இல் அதே தேசிய நூலகத்தில் வேலைக்குச் சேர்ந்தார். ஜிக்ஜி கையில் கிடைத்ததும், அது உலோக எழுத்தில் அச்சானதுதான் என்று நிரூபிக்க உருளைக்கிழங்கிலும் அழிப்பானிலும் களிமண்ணிலும் தானே எழுத்து செதுக்கி, மை தடவி, தடம் எப்படி விழுகிறது என்று ஒப்பிட்டுப் பார்த்தார். 1972-இல் பாரிஸில் நடந்த புத்தகக் கண்காட்சியில் ஜிக்ஜி வெளியுலகுக்கு வந்தது.

தேடிப்போன புத்தகங்கள் கிடைத்தது அதற்கப்புறம்தான். 1975 வாக்கில் நூலகத்தின் வெர்சாய் கிடங்கில் அவை இருந்தன. 'உய்க்வே' எனப்படும் அரச விழாப் பதிவேடுகள். ஒரு திருமணமோ இறுதி ஊர்வலமோ நடந்தால் யார் எங்கே நின்றார்கள், எந்தத் தச்சர், எந்த ஓவியர், எவ்வளவு செலவு என்று படத்தோடு எழுதி வைத்திருப்பார்கள். விஷயத்தை வெளியே சொன்னதால் நூலகத்தோடு மனக்கசப்பு ஏற்பட்டு வேலை போனது. அவர் விடவில்லை. சாதாரண வாசகராக அதே நூலகத்துக்குத் தினமும் போய், ஒவ்வொரு தொகுதியாகக் கேட்டு வாங்கி, ஒவ்வொன்றிலும் என்ன இருக்கிறது என்று வருடக்கணக்கில் குறிப்பு எடுத்தார். 2011-இல் 297 தொகுதிகள் கொரியா வந்து சேர்ந்தன, அதுவும் ஐந்து வருடத்துக்கு ஒருமுறை புதுப்பிக்கும் கடன் என்ற பெயரில். அதே வருடம் நவம்பரில் அவர் பாரிஸில் காலமானார். அவருடைய குறிப்புகள் இல்லாமல் எதைத் திருப்பிக் கேட்பது என்றே பேச்சுவார்த்தைக்குப் போனவர்களுக்குத் தெரிந்திருக்காது.

வெளிநாட்டுக்காரர்களையே சொல்லிக்கொண்டிருந்தால் தப்பாகிவிடும். கொரிய மொழிக்கு மிகப் பெரிய வேலையைச் செய்தவர்கள் ஜோசோன் மொழிக் கழகத்தார். ஜப்பானிய ஆட்சியில், 1929-இல் முழு அகராதி ஒன்றைத் தொகுக்கக் குழு அமைத்தார்கள். அகராதி போட வேண்டுமென்றால் எழுத்துக்கூட்டல் ஒன்றாக வேண்டும், அதற்கு 1933-இல் விதிகள் வகுத்தார்கள். விடுமுறைக்கு ஊருக்குப் போகும் மாணவர்களிடம் வட்டாரச் சொற்களைக் குறித்துக்கொண்டு வரச் சொன்னார்கள். 1942-இல் ஹாம்ஹுங் பகுதியில் ஒரு பள்ளி மாணவியின் நாட்குறிப்பைப் பிடித்த போலீஸ், நூல் பிடித்தாற்போல் அகராதி வேலையிலிருந்த அவளுடைய பழைய ஆசிரியரிடம் போய், அங்கிருந்து கழகத்தையே வளைத்தது. முப்பது பேருக்கு மேல் மாட்டினார்கள். இ யுன்ஜே, ஹான் ஜிங் இருவரும் சிறையிலேயே இறந்தார்கள்.

கையெழுத்துப் பிரதி வழக்குச் சான்றாகப் போய்விட்டது. விடுதலைக்குப் பிறகு, 1945 செப்டம்பரில், சியோல் ரயில் நிலையச் சரக்குக் கிடங்கில் கிடைத்தது. மேல்முறையீட்டுக்காகச் சியோலுக்கு அனுப்பப்பட்ட மூட்டை கேட்பாரற்றுக் கிடந்திருக்கிறது. 1947-இல் முதல் தொகுதி, நடுவில் போர், 1957-இல் ஆறாவது. ஒரு லட்சத்து அறுபதாயிரத்துக்கும் மேற்பட்ட சொற்கள். அச்சடிக்கக் காகிதம் கூட இல்லாமல் ராக்பெல்லர் அறக்கட்டளை கொடுத்து உதவியது.

வரலாற்றுப் பக்கம் ஒரு ஜோடியைச் சொல்ல வேண்டும். ஹார்வர்டின் எட்வர்ட் வாக்னரும் கொரியாவின் சோங் ஜுன்ஹோவும். ஜோசோன் காலத்து ஐந்நூறு வருட அரசுத் தேர்வில் மேல்நிலையில் தேறிய 14,600-க்கும் மேற்பட்டவர்களின் பெயர், ஊர், குலம், உறவு எல்லாவற்றையும் திரட்டிக் கணினியில் ஏற்றினார்கள், 1960-களில் தொடங்கி. தகுதி இருந்தால் யாரும் மேலே வரலாம் என்ற அந்தத் தேர்வில் பாதிக்கும் மேற்பட்ட இடங்கள் சில டஜன் குலங்களுக்கே போனது அப்போதுதான் எண்ணிக்கையோடு தெரிந்தது. பதவி தராமல் ஒதுக்கப்பட்ட வடக்கு மாநிலமான பியோங்கானிலிருந்து ஏராளமானோர் தேறியதும் தெரியவந்தது. அந்தப் பட்டியலை வைத்து இன்றும் கட்டுரைகள் வருகின்றன.

மொழி படிப்பவர் என்றால் சாமுவேல் மார்ட்டினை விட முடியாது. 1992-இல் வந்த அவருடைய கொரிய இலக்கணம் ஆயிரம் பக்கம் தாண்டும். பாதிப் புத்தகம் விகுதிகளின் அகரவரிசை. கூட்டத்தில் கொரிய மேலாளர் வாக்கியத்தின் வாலில் எதையோ ஒட்டிவிட்டுப் போவார், அது உத்தரவா, யோசனையா, முணுமுணுப்பா என்று எனக்குக் குழம்பும். சாயங்காலம் மார்ட்டினைப் புரட்டினால் பெரும்பாலும் இருக்கும். ஆனால் கொரியச் சொற்களை ஹங்குலில் எழுதாமல் ரோமன் எழுத்தில், அதுவும் அவரே வகுத்த முறையில் போட்டிருப்பார். பழகும்வரை கண் வலிக்கும். தொடக்கநிலை மாணவர்கள் இதை வாங்கிக் காசை வீணாக்க வேண்டாம். மொழி வரலாறுதான் வேண்டும் என்பவர்கள் இ கிமூனிலிருந்து தொடங்கலாம். அவர் ராபர்ட் ராம்ஸியோடு சேர்ந்து எழுதிய நூல் ஆங்கிலத்தில் கிடைக்கிறது. கூரானும் ஹல்பர்ட்டும் காப்புரிமை தாண்டியவர்கள், இணையத்தில் இலவசமாகவே படிக்கலாம்.

தமிழிலிருந்து நேராகப் போக வழி உண்டா என்று யாராவது கேட்பீர்கள். கொரிய தேசிய மொழி நிறுவனம் வெளிநாட்டு மாணவர்களுக்காக இணையத்தில் நடத்தும் அகராதி வியட்நாமியம், தாய், மங்கோலியம், இந்தோனேசியம், அரபி என்று பல மொழிகளில் பொருள் தருகிறது. நான் பார்த்தவரை தமிழ் அதில் இல்லை, இந்தியும் இல்லை. எங்கள் கம்பெனியில் அச்சு வார்ப்பு, வெல்டிங், தரச் சோதனை என்று பிரிவுவாரியாகச் சொற்பட்டியல் போட்டு ஓர் எக்செல் கோப்பு வைத்திருக்கிறோம். புதிதாகச் சேரும் மொழிபெயர்ப்பாளருக்கு முதல் நாள் அதைத்தான் கொடுப்போம். அவர்களும் அதில் புதுச் சொற்களைச் சேர்த்துக்கொண்டே போகிறார்கள்.