ஈ.சி.எச்.எல். ஆடும் மகனும் பயிற்றுநர் தொழிலும்: ஒரு தகப்பனாருக்குப் பதில்

மதிப்புக்குரிய ஐயாவுக்கு,

இருபத்தாறு வயதான தங்கள் மகன் ஒன்ராறியோ ஹொக்கி லீக் என்ற ஜூனியர் லீக்கில் ஆடிய பின், பல்கலைக்கழகப் படிப்பை இரண்டாம் வருடத்தோடு நிறுத்திவிட்டு, இப்போது அமெரிக்காவில் ஈ.சி.எச்.எல். என்ற தொழில்முறைப் பனி ஹொக்கி லீக்கின் ஓர் அணியில் மூன்றாவது பருவம் ஆடுகிறார் என்றும், ஆட்டம் முடிந்ததும் பயிற்றுநராகப் போவதாகச் சொல்கிறார் என்றும் எழுதியிருந்தீர்கள். அவர் சொல்வதை நம்பி விடுவதா, உடனே ரொறன்ரோவுக்கு அருகிலுள்ள மார்க்கம் நகருக்குத் திரும்பி வந்து படிப்பை முடிக்கச் சொல்வதா என்று கேட்கிறீர்கள். இரண்டும் சேர்ந்தே நடக்கலாம். ஆனால் இரண்டையும் அவர் ஆடிக்கொண்டிருக்கும்போதே, இந்தப் பருவத்திலேயே தொடங்க வேண்டும்.

அவசரத்துக்குக் காரணம் வயதல்ல, லீக்கின் விதி. பனி ஹொக்கியின் உச்ச லீக்கான என்.எச்.எல்., அதற்கு அடுத்ததான ஏ.எச்.எல். ஆகிய இரண்டுக்கும் அடுத்த கீழ்ப்படியில் இருக்கும் ஈ.சி.எச்.எல்., இளம் வீரர்களை வளர்த்து மேலே அனுப்புவதற்கான லீக். ஆகவே 260 தொழில்முறை ஆட்டங்களைத் தாண்டிய வீரரை அது மூத்த வீரர் என்று கணக்கெடுத்து, ஓர் அணியில் அப்படிப்பட்டவர்கள் நான்கு பேருக்கு மேல் இருக்க அனுமதிப்பதில்லை. ஒரு பருவத்துக்கு 72 ஆட்டங்கள். காயமில்லாமல் தொடர்ந்து ஆடினால் தங்கள் மகன் அடுத்த பருவத்திலேயே அந்த எல்லைக்கு வந்துவிடுவார். அதன்பின் அவர் எவ்வளவு நன்றாக ஆடினாலும், ஓர் அணியில் நான்கே நான்கு இடங்களுக்குத்தான் போட்டியிட வேண்டியிருக்கும். இதைப் பெற்றோர் பலர் அறிவதில்லை. வீரர்கள் அறிந்தும் அதைப் பற்றி வீட்டில் பேசுவதில்லை.

பயிற்றுநர் தொழில் வெறும் ஆறுதல் பேச்சா என்றால், இல்லை. 2022இல் கொலராடோ அவலாஞ்ச் அணிக்கு என்.எச்.எல்.இன் வெற்றிக் கிண்ணமான ஸ்டான்லி கிண்ணத்தை வென்று கொடுத்த ஜாரெட் பெட்னார் என்.எச்.எல்.இல் ஓர் ஆட்டம்கூட ஆடியவரல்லர். சஸ்காச்சுவான் மாகாணத்தின் யோர்க்டனில் பிறந்த அவர், தம் ஆட்டக் காலத்தின் பெரும்பகுதியைக் கீழ்நிலை லீக்குகளிலேயே கழித்தார். 2002இல் ஆட்டத்தை நிறுத்தியபோது, அவர் ஆடிய சவுத் கரோலைனா ஸ்டிங்ரேஸ் அணியே அவரை உதவிப் பயிற்றுநராக எடுத்துக்கொண்டது. ஐந்து பருவங்கள் உதவியாளராக இருந்து 2007இல் தலைமைப் பயிற்றுநரானார். 2009இல் அந்த அணி ஈ.சி.எச்.எல். கிண்ணத்தை வென்றது. அதன்பின் அபட்ஸ்ஃபோர்ட், பியோரியா, ஸ்பிரிங்ஃபீல்ட், கிளீவ்லாந்து என்று ஊர் ஊராக மாறினார். பியோரியாவில் தலைமைப் பயிற்றுநராக இருந்தவர், ஸ்பிரிங்ஃபீல்டில் மறுபடியும் உதவியாளராக வேலை பார்க்கச் சம்மதித்தார் என்பதைத் தயவுசெய்து கவனியுங்கள். 2016இல் ஏ.எச்.எல். கிண்ணத்தையும் வென்ற பின்பே கொலராடோ அவரை அழைத்தது. முதல் உதவியாளர் வேலையிலிருந்து அதுவரை பதினான்கு வருடங்கள்.

ஸ்பென்சர் கார்பரியின் பாதையும் ஏறக்குறைய இப்படித்தான். ஈ.சி.எச்.எல். வீரராக இருந்து 2010இல் ஆட்டத்தை நிறுத்தி, அதே ஸ்டிங்ரேஸ் அணியில் உதவியாளராகத் தொடங்கிய அவரை, ரொறன்ரோ மேப்பிள் லீஃப்ஸ் அணியின் உதவிப் பயிற்றுநராகத் தாங்கள் 2021 முதல் இரண்டு பருவங்கள் தொலைக்காட்சியில் பார்த்திருக்கக்கூடும். பின்னர் வாஷிங்டன் அணிக்குத் தலைமைப் பயிற்றுநராகப் போய், 2025இல் என்.எச்.எல்.இன் சிறந்த பயிற்றுநர் விருதைப் பெற்றார்.

இந்த இருவரையும் காட்டித் தங்களுக்கு ஆசை மூட்டுவது என் நோக்கமல்ல. ஈ.சி.எச்.எல்.இல் ஏறத்தாழ முப்பது அணிகள்தான் உள்ளன. பெரும்பாலான அணிகளில் ஒரு தலைமைப் பயிற்றுநர், ஓர் உதவியாளர் அவ்வளவே. இருவருக்கும் பொதுவான ஒன்று, முதல் வேலையைக் கொடுத்தது அவர்களை வீரர்களாக நாள்தோறும் பார்த்திருந்த அணி என்பதுதான். தங்கள் மகனையும் அவருடைய அணி இப்போதே அந்தக் கண்ணோடு பார்க்க வேண்டும். பயிற்சி முடிந்தபின் புதிதாக வந்த பையன்களோடு நின்று சொல்லிக் கொடுக்கிறாரா? ஆட்டத்தின் வீடியோவைப் பயிற்றுநரோடு உட்கார்ந்து பார்க்க அனுமதி கேட்டிருக்கிறாரா? வெள்ளி, சனி, ஞாயிறு என்று மூன்று இரவும் ஆடிவிட்டு பஸ்ஸில் திரும்பும்போது மற்றவர்கள் தூங்க, பயிற்றுநர் அடுத்த ஆட்டத்துக்கான வீடியோவை வெட்டிக்கொண்டிருப்பார். இந்த லீக்கில் தலைமைப் பயிற்றுநரே வீரர்களைத் தேடி ஒப்பந்தம் செய்வதும், அணியில் ஒருவர் திடீரென்று மேல் லீக்குக்கு அழைக்கப்பட்டால் அன்று மாலைக்குள் பதில் ஆள் பிடிப்பதும் வழக்கம். ஆடுவதில் உள்ள ஆனந்தத்துக்காக மட்டும் இந்த விளையாட்டில் இருப்பவருக்கு இந்த வேலை மிக விரைவில் கசந்துவிடும். அவர் எந்த வகை என்பதை அவரிடமே பொறுமையாகக் கேளுங்கள். அந்தப் பதிலில்தான் மற்ற எல்லாம் தங்கியிருக்கிறது.

பழைய அணியின் தயவை நம்பாத இன்னொரு வழியும் உண்டு. கனடாவின் பெண்கள் தேசிய அணியில் ஆடிய ஜெசிக்கா காம்ப்பெல், சறுக்கும் திறனைக் கற்பிக்கும் பயிற்சித் தொழிலைத் தாமே நடத்தி, என்.எச்.எல். வீரர்களே தேடி வரும் அளவுக்கு அதில் பெயர் எடுத்தார். அந்தத் திறமையே அவரை 2022இல் ஏ.எச்.எல்.க்கும், 2024இல் சியாட்டில் கிராக்கன் அணியின் உதவிப் பயிற்றுநர் பதவிக்கும் கொண்டு சென்றது. ரொறன்ரோ வட்டாரத்தில் ஜி.டி.எச்.எல். என்ற மிகப் பெரிய சிறுவர் லீக் இருப்பதால், திறன் பயிற்சிக்கும் கோடைக்கால ஹொக்கி முகாம்களுக்கும் ஆட்கள் எப்போதும் தேவைப்படுகிறார்கள். கோடையில் வீட்டுக்கு வரும்போது தங்கள் மகன் ஹொக்கி கனடாவின் பயிற்றுநர் சான்றிதழ் வகுப்புகளையும், பிள்ளைகளோடு பழகுவதற்கான கட்டாயப் பயிற்சியையும், பொலிஸ் சான்றையும் முடித்துவிட்டு ஒரு முகாமில் கற்பிக்கட்டும். தொழில்முறை ஆட்டக்காரர் என்பதால் சான்றிதழ் தானாக வந்துவிடாது.

படிப்பைப் பற்றித் தங்களுக்குள்ள கவலை நியாயமானது. பல்கலைக்கழக அணிகளிலும் பாடசாலைகளிலும் பயிற்றுநராகப் போட்டியிடுபவருக்குப் பட்டம் இல்லாதது பெரிய தடை. ஆட்டம், பயிற்சி இரண்டுமே கைவிட்டாலும் கையில் இருப்பதும் அதுதான். அத்தபாஸ்கா போன்ற கனேடியத் தொலைக்கல்விப் பல்கலைக்கழகத்தில், முன்பு முடித்த பாடங்களுக்கான புள்ளிகளை (கிரெடிட்) மாற்றிக்கொண்டு, பருவகாலத்தில் ஒரு நேரத்தில் ஒரு பாடம் என்று அவர் தொடரலாம். ஜூனியர் லீக்கில் ஆடிய ஒவ்வொரு பருவத்துக்கும் ஒரு வருடக் கல்விக் கட்டணம் என்ற வகையில் அவருக்கு உரிமை கிடைத்திருக்கும். அதில் மீதி இருக்கிறதா, தொழில்முறை ஒப்பந்தமும் கால எல்லையும் அதை இரத்துச் செய்துவிட்டனவா என்பதை அவர் கையொப்பமிட்ட உடன்படிக்கையைப் பார்த்தே சொல்ல முடியும். ஏ.எச்.எல்., ஈ.சி.எச்.எல். வீரர்களின் தொழிற்சங்கமான பி.எச்.பி.ஏ.யிடமும் அடுத்த தொழிலுக்கான உதவியை அவர் கேட்க வேண்டும். சந்தா கட்டும் உறுப்பினர் அவர்.

பணத்தைப் பற்றி மறைக்காமல் சொல்கிறேன். முதல் உதவிப் பயிற்றுநர் வேலையில் வரும் சம்பளத்தை நம்பி மார்க்கத்தில் வீடு வாங்க முடியாது. சில வருடங்களுக்கு ஒருமுறை ஊர் மாறவும் நேரிடும். வீட்டில் கல்யாணப் பேச்சு நடக்கிறது என்று எழுதியிருந்தீர்கள். பெண் வீட்டாரிடம் இதை முதலிலேயே சொல்லிவிடுவது இரு பக்கத்துக்கும் நல்லது.

அடுத்த பருவ முடிவை எல்லையாக வைத்துக்கொள்ளும்படி அவரோடு பேசிப் பாருங்கள். அதற்குள் ஏதாவது ஓர் அணி அவரைப் பயிற்றுநராகக் கேட்டால் போகட்டும். கேட்காவிட்டால் இங்கே வந்து முழுநேரமாகப் படித்துக்கொண்டு, மாலையில் சிறுவர் அணியொன்றைப் பயிற்றுவிக்கட்டும். பேசும்போது கடந்த மூன்று வருடங்களை வீணான காலம் என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். அவர் விற்கப்போகும் அனுபவமே அந்த மூன்று வருடங்கள்தான்.

ஜூனியர் லீக் உடன்படிக்கையின் பிரதியையும் பல்கலைக்கழகப் புள்ளிப் பட்டியலையும் அவரிடமிருந்து பெற்று எனக்கு அனுப்பிவையுங்கள். அவற்றைப் பார்த்தபின், எந்தப் பாடத்தில் தொடங்கலாம் என்பதை அவரோடு நேரடியாகப் பேசி முடிவு செய்வோம்.