பிரசிடென்ட் கையெழுத்துப் போட்ட கடிதம்

வணக்கம் ஐயா,

டெக்சஸில் இருக்கிறோம். என் மகள் இங்கே ஓர் அரசுப் பல்கலைக்கழகத்தில் இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். போன செமஸ்டரில், நன்றாகப் படிப்பவர்களின் பெயர்களைப் போடும் ‘டீன்ஸ் லிஸ்ட்’டில் பெயர் வந்தது. இந்த முறை அதற்கும் மேலான ‘பிரசிடென்ட்ஸ் லிஸ்ட்’. பிரசிடென்டின் கையெழுத்தோடு வீட்டுக்குக் கடிதமும் வந்தது. என் கணவர் அதைப் படம் எடுத்துக் குடும்ப வாட்ஸப் குழுவில் போட்டார். தென்காசியில் இருக்கும் அவருடைய அண்ணன், “அமெரிக்க ஜனாதிபதியே பாராட்டியிருக்காரே” என்று எழுதிவிட்டார். இரண்டு நாளாகக் கைகூப்பும் பொம்மைகள் வந்துகொண்டே இருக்கின்றன. இல்லை என்று சொல்ல எங்களுக்கும் மனசில்லை. மகளோ, “அது கம்ப்யூட்டர் போடுற லிஸ்ட்மா, இதுக்குப் போயி” என்கிறாள். இந்தப் பட்டியலுக்கு மதிப்பு உண்டா? கல்லூரியின் பிரசிடென்டுக்கும் இதற்கும் உண்மையில் என்ன சம்பந்தம்?

வசந்தி

அன்புள்ள வசந்தி,

உங்கள் மகள் சொல்வது சரி. முழுக்கச் சரி என்று மட்டும் சொல்ல மாட்டேன்.

மேற்படிப்புக்கு அமெரிக்கா வந்த புதிதில் இரண்டு செமஸ்டர் ஒரு கல்லூரியின் ரெஜிஸ்ட்ரார் (மாணவர் பதிவாளர்) அலுவலகத்தில் பகுதிநேர வேலை பார்த்தேன். கிரேடு போடும் கெடு முடிந்த மறுநாள், அங்கே முப்பது வருஷமாக இருந்த ஓர் அம்மாள் கணினியில் நிபந்தனைகளைக் கொடுப்பார். குறைந்தது 12 கிரெடிட்டுக்குக் கிரேடு வாங்கியிருக்க வேண்டும் (கிரெடிட் என்பது பாடத்தின் அளவைச் சொல்லும் அலகு; 12 இருந்தால்தான் முழுநேர மாணவர்). அந்த செமஸ்டரின் ஜிபிஏ, அதாவது நாலுக்குக் கணக்கிடும் கிரேடு சராசரி, 3.5 தொட்டால் டீன் பட்டியல், முழு 4.0 என்றால் பிரசிடென்ட் பட்டியல். கிரேடு இல்லாமல் பாஸ்-ஃபெயில் என்று எடுத்த பாடம் 12இல் சேராது. எதிலாவது வேலையை முடிக்காமல் ‘இன்கம்ப்ளீட்’ நின்றால் பெயர் வராது. (இந்தக் கோடு கல்லூரிக்குக் கல்லூரி மாறும். 3.8க்கே பிரசிடென்ட் பட்டியல் தரும் இடங்கள் உண்டு.) பொத்தானை அழுத்திவிட்டுக் காப்பி எடுக்கப் போவார். திரும்புவதற்குள் பட்டியல் தயார்.

பிரசிடென்டின் கையெழுத்து ஒரு படக்கோப்பு. கடிதத்தின் அடியில் நீல நிறத்தில் அச்சாகி வரும். தாளை மூன்றாக மடித்து உறையில் போடுவது என் வேலை. ஒருநாள் ஈரக்கை பட்டு ஒரு கடிதத்தில் அந்த நீலம் இழுவிக்கொண்டது. பதறிப்போய் அம்மாளிடம் காட்டினேன். “நல்லதாப் போச்சு, நிஜமாவே பேனாவில் போட்டதுன்னு நினைச்சுக்குவாங்க” என்ற பொருளில் ஏதோ சொல்லி, அதையும் உறைக்குள் போடச் சொன்னார். யார் வீட்டில் அது சட்டம் போட்டு மாட்டப்பட்டிருக்கிறதோ!

இந்தப் பட்டியலின் மீது எனக்கு ஒரு மனத்தாங்கல் உண்டு. அதுவும் அந்த அலுவலக ஜன்னலில் வந்ததுதான். முதியோர் இல்லம் ஒன்றில் இரவு வேலை பார்த்துவிட்டு, கண் சிவக்க வந்து நின்றார் ஒரு பெண். மூன்று பாடம், ஒன்பது கிரெடிட், மூன்றிலும் ஏ. ஏன் என் பெயர் வரவில்லை என்று கேட்டார். முழுநேர மாணவர்களுக்கு மட்டும்தான் என்று நான்தான் சொல்ல வேண்டியிருந்தது. “ஓ, சரி” என்று போய்விட்டார். பகுதிநேரத்தாருக்குத் தனிப் பட்டியல் போடும் கல்லூரிகளும் உண்டுதான். ஆனால் அமெரிக்காவின் சமுதாயக் கல்லூரிகளில் படிப்பவர்களில் பெரும்பாலோர் பகுதிநேரத்தார் என்பதை வைத்துப் பார்த்தால், அந்த 12 எத்தனை பேரை வெளியே நிறுத்துகிறது என்று புரியும்.

பிரசிடென்டே உட்கார்ந்து பட்டியல் போட்ட காலமும் இருந்தது. 18ஆம் நூற்றாண்டு ஹார்வர்டில், முதலாண்டு மாணவர்களைப் பிரசிடென்டும் ஆசிரியர்களும் வரிசைப்படுத்துவார்கள். படிப்பை வைத்து இல்லை, அப்பாவின் அந்தஸ்தை வைத்து. ஆளுநர் வீட்டுப் பிள்ளை மேலே, விவசாயியின் பிள்ளை கீழே. வகுப்பிலும் தேவாலயத்திலும் ஊர்வலத்திலும் அந்த வரிசைப்படிதான் இடம். தப்புச் செய்தால் சில இடங்கள் கீழே இறக்குவது ஒரு தண்டனை. கல்யாணப் பந்தியில் யார் எங்கே உட்கார்வது என்று நடந்த சண்டைகளைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. பின்னாளில் நாட்டின் இரண்டாவது ஜனாதிபதியான ஜான் ஆடம்ஸ் 1755இல் அங்கே பட்டம் பெற்றவர். அவர் பெயர் வகுப்பின் நடுவுக்குச் சற்றுக் கீழேதான் இருந்தது. 1770களின் தொடக்கத்தில் அந்த வழக்கம் ஒழிந்து அகரவரிசை வந்தது. உங்கள் மகளின் பட்டியலும் அகரவரிசையில்தான் இருக்கும், பாருங்கள்.

அப்புறம், மாணவர்களைப் பேர் சொல்லி அறிந்திருந்த பிரசிடென்ட்கள் வந்தார்கள். மாசசூசெட்ஸில் வில்லியம்ஸ் கல்லூரியில் மார்க் ஹாப்கின்ஸ் 1836 முதல் 1872 வரை பிரசிடென்ட். கடைசியாண்டு மாணவர்களுக்கு அவரே பாடம் நடத்துவார். ஒரு மரக்கட்டையின் ஒரு முனையில் ஹாப்கின்ஸ், மறுமுனையில் ஒரு மாணவன் இருந்தால் அதுவே கல்லூரி என்று அவருடைய மாணவர் சொன்னதாக ஒரு பேச்சு வழங்குகிறது. அந்த மாணவர் ஜேம்ஸ் கார்ஃபீல்ட். 1881இல் அமெரிக்க ஜனாதிபதியானவர்.

இந்த இடத்தில் தென்காசி அண்ணனுக்காக ஒரு வார்த்தை. அவர் அவ்வளவு மோசமாகத் தவறிவிடவில்லை. உட்ரோ வில்சன் 1902 முதல் 1910 வரை பிரின்ஸ்டனின் பிரசிடென்ட், 1913இல் நாட்டுக்கே பிரசிடென்ட். ஐசனோவர் வெள்ளை மாளிகைக்குப் போகும் முன் கொலம்பியா பல்கலைக்கழகத்தின் பிரசிடென்ட். அந்தக் காலத்தில் கடிதம் வந்திருந்தால் அண்ணன் சொன்னது சில வருஷம் கழித்துப் பலித்திருக்கும்!

இன்றைய பிரசிடென்ட் நம்மூர்த் துணைவேந்தருக்குச் சமம் என்று வைத்துக்கொள்ளலாம். பணம் திரட்டுவது, சட்டமன்றத்தில் மானியம் கேட்டு நிற்பது, அறங்காவலர்களைச் சமாளிப்பது, வழக்குகள், விளையாட்டுக் குழு. படிப்பு விஷயம் பெரும்பாலும் புரோவோஸ்ட் என்ற அதிகாரியின் கையில், அவருக்குக் கீழே ஒவ்வொரு புலத்துக்கும் தலைவரான டீன்கள். உங்கள் மகளின் பெயரைப் பிரசிடென்ட் பார்த்திருக்கவே மாட்டார்.

ஆனால் அந்தப் பெயருக்கு என்ன விலை என்பது பிரசிடென்ட் மட்டத்தில் முடிவாகும் விஷயமாக இருக்கலாம். முழுக்கச் சரி இல்லை என்று தொடக்கத்தில் சொன்னது இதைத்தான். 2001இல் ஹார்வர்டில் பட்டம் பெற்றவர்களில் 91 சதவீதம் பேர் ‘ஹானர்ஸ்’ என்ற சிறப்புத் தகுதி வாங்கியிருந்தார்கள் என்று பாஸ்டன் குளோப் எழுதியது. பத்தில் ஒன்பது பேருக்குக் கொடுத்தால் அதற்குப் பெயர் சிறப்பா? மறு வருஷமே 60 சதவீதத்துக்கு மேல் கூடாது என்று ஆசிரியர் அவை முடிவெடுத்தது. பிரின்ஸ்டன் இன்னும் துணிந்தது. ஷெர்லி டில்மன் பிரசிடென்டாக இருந்த 2004இல், டீன் நான்சி மால்கீல் முன்னின்று, இளநிலைப் பாடங்களில் ஏ வகைக் கிரேடு 35 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்று கொண்டுவந்தார்கள். மற்ற கல்லூரிப் பிள்ளைகள் ஏ மேல் ஏ வாங்கிக்கொண்டிருக்க, எங்களுக்கு வேலை எப்படிக் கிடைக்கும் என்று மாணவர்கள் பத்து வருஷம் புலம்பினார்கள். அடுத்த பிரசிடென்ட் ஐஸ்குரூபர் வந்து, குழு போட்டு, 2014இல் அது கைவிடப்பட்டது. தனியாக ஒரு கல்லூரி மட்டும் கைச்சிக்கனம் பிடித்தால் அடி அதன் மாணவர்களுக்குத்தான். ஹார்வர்டில் போடப்படும் கிரேடுகளில் 60 சதவீதத்துக்கு மேல் ஏ என்று 2025இல் அவர்களே அறிக்கை விட்டார்கள்.

சரி, மதிப்பு உண்டா? உண்டு. இன்டர்ன்ஷிப்புக்கும் உதவித்தொகைக்கும் விண்ணப்பிக்கும்போது ஒரு வரி கூடும். முதல் வேலை கிடைத்த பிறகு யாரும் கேட்கமாட்டார்கள். எம்ஐடியில் இப்படிப் பட்டியலே கிடையாது. பிரவுன் பல்கலைக்கழகம் ஜிபிஏவையே கணக்குப் போடுவதில்லை. அங்கே படித்தவர்கள் வேலையில்லாமல் திரியவில்லை.

எனக்குள்ள பயம் வேறு. முழு 4.0ஐக் காப்பாற்றுவதற்காகப் பிள்ளைகள் கஷ்டமான பாடத்தை ஓரங்கட்டுகிறார்கள். ரெஜிஸ்ட்ரார் அலுவலகத்தில் பாடத்தைக் கைவிடும் கடைசி நாளன்று வரிசை வராந்தா வரை நிற்கும். அதில் பாதிப் பேர் பி வந்துவிடுமோ என்று பயந்தவர்கள், ஃபெயில் ஆகப்போகிறவர்கள் இல்லை. மகளிடம் எப்போதாவது சாப்பிடும்போது, எடுக்கலாம் என்று நினைத்து எடுக்காமல் விட்ட பாடம் ஏதாவது உண்டா என்று மெல்லக் கேட்டுப் பாருங்கள். இருந்தால் அடுத்த செமஸ்டரில் எடுக்கச் சொல்லுங்கள். பட்டியலில் பெயர் வராமல் போனால் வாட்ஸப் குழுவை நீங்கள் பார்த்துக்கொள்ளுங்கள்.

இன்னொன்று. உங்கள் ஊர்ச் செய்தித்தாளிலும் பெயர் வரக்கூடும். கல்லூரிகளே ஊர்வாரியாகப் பிரித்து அனுப்புவது இங்கே பழைய வழக்கம். 1974இல் வந்த சட்டப்படி மகளின் மதிப்பெண் அவள் சொத்து. அவள் சம்மதிக்காமல் பெற்றோருக்கே பொதுவாகக் காட்டமாட்டார்கள். ஆனால் கௌரவப் பட்டியலில் பெயர் இருப்பதை வெளியிடலாம். வேண்டாம் என்றால் முன்கூட்டியே கல்லூரிக்கு எழுதிக் கொடுக்க வேண்டும். அதையும் அவள்தான் எழுதிக் கொடுக்க வேண்டும், உங்களால் முடியாது.