ஒளிப்பதிவாளரிடம் கேளுங்கள்: கலியாண வீட்டிலிருந்து ஆவணப்படத்துக்கு

கேள்வி: உயர்தரப் பரீட்சை எழுதிய பின், இரண்டு வருடங்களாக ஹட்டனில் உள்ள ஸ்டூடியோ ஒன்றுக்காகக் கலியாண வீடுகளிலும் சடங்கு வீடுகளிலும் வீடியோ எடுத்து வருகிறேன். ஆவணப்பட ஒளிப்பதிவாளராக வேண்டும் என்பதே என் விருப்பம். இந்த வேலை அதற்குக் கைகொடுக்குமா, அல்லது கையைக் கெடுத்துவிடுமா? (வாசகர், நோர்வூட்)

பதில்: இரண்டும் நடக்கும். தாலி ஒரு முறைதான் கட்டப்படுகிறது. அந்தக் கணத்தைத் தவறவிட்டவர் ஐயரிடம் போய் இன்னொரு முறை கட்டச் சொல்ல முடியாது. அடுத்து என்ன நடக்கும் என்பதை ஊகித்து, யாருடைய பார்வையையும் மறைக்காமல், சரியான இடத்தில் முன்கூட்டியே போய் நிற்க நீங்கள் பழகியிருந்தால், ஆவணப்படத்துக்கு வேண்டிய பயிற்சியில் பாதி உங்களுக்குக் கிடைத்துவிட்டது என்பேன். கையைக் கெடுப்பது "இங்கே பாருங்கள், கொஞ்சம் சிரியுங்கள்" என்று ஆட்களை ஏவும் பழக்கம்தான். அதை மறப்பதற்கு, ஞாயிற்றுக்கிழமைகளில் பஸ் நிலையத்தில் ஓர் ஓரமாக நின்று, ஒரே காட்சியைக் கமராவை அசைக்காமல் இரண்டு நிமிடம் பதிவு செய்து பாருங்கள். மூன்று விநாடிக்கு ஒரு முறை இடம் மாறிப் பழகிய கை அரை நிமிடத்திலேயே துறுதுறுக்கத் தொடங்கும். அதைப் பொறுத்துக்கொண்டு நின்றால், பஸ்ஸைத் தவறவிட்ட ஒருவர் மூட்டையை இறக்கி வைத்துவிட்டு அதன்மேலேயே உட்காருவது போன்ற, யாரும் சொல்லிக்கொடுத்து நடிக்க முடியாத ஒன்று உங்களுக்குக் கிடைக்கும்.

வருமானத்தைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, தயங்கியிருப்பீர்கள். ஆவணப்படத்தை மட்டும் நம்பி அடுப்பெரிப்பவர்கள் இந்நாட்டில் மிகக் குறைவு என்பதால், கலியாண வீடுகளை உடனே கைவிட வேண்டாம். தேயிலையையும் ரயிலையும் படம்பிடிக்க மலைக்கு வரும் வெளிநாட்டுக் குழுக்களுக்கு, தமிழும் சிங்களமும் பேசத் தெரிந்து, அன்றைய பதிவுகளை அன்றிரவே இரண்டு ஹார்ட் டிஸ்குகளில் பிரதி எடுத்துவைக்கும் உதவியாளர் தேவைப்படுகிறார். அந்த வாசலால் நுழைவதில் குறைவொன்றுமில்லை. 1948இல் தொடங்கப்பட்ட அரசாங்கத் திரைப்படப் பிரிவில் ஆவணப்படங்களில் கைதேர்ந்த லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸும் ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக்கும், அங்கிருந்து விலகிய பின்னரே 1956இல் 'ரேகாவ' என்ற சிங்களக் கதைப்படத்தை ஸ்டூடியோச் சுவர்களுக்கு வெளியே கொண்டுபோய் எடுத்தார்கள். ஆவணப்படத்தில் பழகிய கை கதைப்படத்துக்கும் உதவும் என்பதற்கு இதைவிட அருகில் உதாரணம் தேட வேண்டியதில்லை.

கேள்வி: தேயிலை ஸ்டோருக்குள் (தொழிற்சாலைக்குள்) எடுத்த வீடியோவில் கறுப்புப் பட்டைகள் ஓடுகின்றன, வெளியே எடுத்தால் மூடுபனி சாம்பல் நிறமாகத் தெரிகிறது. கமராவில் கோளாறா? (வாசகர், பண்டாரவளை)

பதில்: கமராவில் கோளாறு இல்லை. நமது மின்சாரம் 50 ஹேர்ட்ஸ் என்பதால் குழல் விளக்குகள் விநாடிக்கு 100 தடவை மினுங்குகின்றன. விநாடிக்கு 25 சட்டகம், ஷட்டர் ஐம்பதில் ஒரு விநாடி என்று வைத்தால் பெரும்பாலும் பட்டைகள் மறைந்துவிடும். மூடுபனியில் தானியங்கி முறையை நிறுத்திவிடுங்கள், ஏனெனில் வெண்மை நிறைந்த காட்சியைக் கண்டதும் கமரா அதை இருட்டாக்கிவிடும். நீங்களே வெளிச்சத்தை அரை ஸ்டொப்பிலிருந்து ஒரு ஸ்டொப் வரை கூட்டி வைக்க வேண்டும் (ஒரு ஸ்டொப் கூட்டினால் கமராவுக்குள் வரும் ஒளி இரண்டு மடங்காகும்). நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். விடியற்காலைக் குளிரில் படம்பிடித்துவிட்டு, அதே வேகத்தில் கொழுந்து வாட்டும் மாடிக்கு ஏறிய ஒரு நாள், என் லென்ஸ் முழுவதும் வியர்த்து, கால் மணி நேரம் ஒன்றுமே எடுக்க முடியாமல் நின்றேன். இப்போதெல்லாம் வாசலிலேயே கமராவைப் பொலித்தீன் பையில் இறுகக் கட்டி, உள்ளே கொண்டுபோய், அது சூடேறிய பிறகே வெளியே எடுக்கிறேன்.

கேள்வி: என் அம்மா கொழுந்து பறிக்கிறார். சுற்றுலாப் பயணிகள் படம்பிடிக்கும்போது அவர் முகத்தைத் திருப்பிக்கொள்வார். எங்கள் தோட்டத்தைப் பற்றி நானே ஒரு படம் எடுக்க நினைக்கிறேன். எங்கிருந்து தொடங்குவது? (வாசகி, தலவாக்கலை)

பதில்: உங்கள் அம்மா முகத்தைத் திருப்பிக்கொள்வதிலிருந்தே தொடங்கலாம். மலையகத்தைப் படம்பிடிப்பது இன்று நேற்று வந்த வழக்கமல்ல. தேயிலைப் பிரசாரச் சபையின் பணத்தில் ஆங்கிலேய இயக்குநர் பசில் ரைட் தாமே கமராவைப் பிடித்து எடுத்த 'சோங் ஒஃப் சிலோன்' என்ற ஆவணப்படம் 1934இல் வெளியானது. சிவனொளிபாதமலைக்கு ஏறும் யாத்திரிகர்களை அவர் காட்டிய அழகை இன்றும் வியக்கலாம். ஆயினும் அதில் ஒலிக்கும் வர்ணனை, கண்டி இராச்சியத்தில் சிறைப்பட்டிருந்த ஆங்கிலேயர் ரொபர்ட் நொக்ஸ் எழுதி 1681இல் வெளியான நூலிலிருந்து எடுக்கப்பட்டது. கொழுந்து பறிப்பவர் தம் வாழ்க்கையைத் தம் வாயால் சொல்லும் இடம் அதில் இல்லை. வெளியிலிருந்து வருபவர் கூடையையும் பச்சைச் சரிவையும் எடுத்துக்கொண்டு போய்விடுவார். மடுவத்தில் கொழுந்து நிறுக்கும்போது, ஈரத்துக்கும் சாக்குக்கும் எத்தனை கிலோ கழிக்கப்போகிறார்கள் என்று தராசையே பார்த்து நிற்கும் பெண்களின் கண்கள் உங்களுக்குத்தான் தெரியும். அங்கே தராசை எடுப்பதைவிட அந்த முகங்களை எடுப்பது மேல்.

முதல் சில நாட்கள் கமரா இல்லாமல் போங்கள். பிறகு கமராவைக் கொண்டுபோயும் எடுக்காமல் இருங்கள். வேலைத்தளத்தில் எடுக்கத் தோட்ட நிர்வாகத்தின் அனுமதி வேண்டும், ட்ரோன் பறக்கவிடுவதாயின் சிவில் விமானப் போக்குவரத்து அதிகாரசபையின் அனுமதியும் வேண்டும், தொழிலாளர் குடியிருக்கும் லயத்துக்குள் நுழைய அந்த வீட்டாரின் சம்மதம் வேண்டும். முன்னைய இரண்டும் கையில் இருப்பதால் மூன்றாவது கிடைத்துவிட்டதாக எண்ணிவிடாதீர்கள். தகரக் கூரையில் மழை விழத் தொடங்கினால் பேச்சு ஒன்றும் கேட்காது என்பதால், சட்டையில் குத்தும் சிறிய மைக் ஒன்றுக்கு, புது லென்ஸுக்கு முன்பாகவே பணம் சேருங்கள். எடுத்ததை முதலில் அம்மாவுக்குப் போட்டுக் காட்டுங்கள். அவர் வேண்டாம் என்று சொல்லும் காட்சியை, அது எவ்வளவு நன்றாக வந்திருந்தாலும், அழித்துவிடுங்கள்.